பள்ளிப்பட்டிலிருந்து வராத ரவிக்கை

தேசப்பனுக்கு ஏன் கல்யாணம் ஆகவில்லை என்று கேட்டால் திருத்தணியில் ஆளுக்கொரு காரணம் சொல்வார்கள். ஜாதகத்தில் தோஷம் என்பார் ஒருவர். நாள் முழுக்க ரவிக்கை தைத்துத் தைத்து ஆசையே விட்டுப்போயிருக்கும் என்பார் இன்னொருவர். சொல்லிவிட்டு அவரே சிரித்தும் கொள்வார். அவனுடைய அம்மா கௌரியம்மாளோ, "அவன் காலு எப்பப் பாத்தாலும் அந்த மிஷின்மேலதான் கீது. தரையில பட்டாதானே பொண்ணு பாக்கப் போறது?" என்று வருகிறவர் போகிறவரிடமெல்லாம் புலம்புவாள். இதில் எதுவுமே உண்மையில்லை. உண்மையான காரணம் வருஷத்துக்கு ஒருமுறை, ஆடி மாதத்தில், ஒரு சின்னத் துணி மூட்டையாகப் பள்ளிப்பட்டிலிருந்து வந்துகொண்டிருந்தது. அதை அவன் யாரிடமும் சொன்னதில்லை. சொல்லக்கூடிய விஷயமும் இல்லை அது.

மலைப்படிக்குப் போகிற தெருவில் கங்காதரன் செட்டியாரின் ஜவுளிக்கடை. கடை வாசலில், கீற்றுச் சார்ப்பின் கீழே, தேசப்பனின் கால் மிஷின். துணி எடுத்தவர்கள் எடுத்த கையோடு அவனிடம் கொடுத்துவிட்டு, மலையேறி முருகனைக் கும்பிட்டு இறங்குவதற்குள் சட்டை தயாராக இருக்கும் என்று செட்டியார் வாய் கூசாமல் சொல்லி அனுப்புவார். தேசப்பன் பல்லைக் கடித்துக்கொண்டு மிதிப்பான். மெட்ராஸில் சூளைப் பக்கம் ஒரு தையல்காரரிடம் ஆறு வருஷம் காஜா எடுத்து, பித்தான் தைத்து, கடைசியாகக் கத்தரி பிடிக்கக் கற்றுக்கொண்டு, அவர் பழசு என்று ஒதுக்கிய சிங்கர் மிஷினோடு ரயிலில் வந்து இறங்கியவன் அவன். மிஷினின் கறுப்பு உடம்பில் இருந்த தங்கப்பூ பாதி அழிந்திருந்தது. ஓட்டத்தில் ஒரு குறை சொல்ல முடியாது.

அந்த மிஷின்தான் அவனுக்குச் சோறு போட்டது. அதுவேதான் அவனுக்கு மணியம்மையை இல்லாமல் செய்தது.

மணியம்மை தாய்மாமன் மகள். மாமன் சின்னசாமிக்குக் கே.ஜி.கண்டிகையில் கிணற்றோடு நிலம். இவனுக்கு அவள் என்று அவள் தொட்டிலில் கிடந்தபோதே இரண்டு வீட்டிலும் பேசி முடித்த விஷயம். அவளும் அத்தை மகனை "பாவா, பாவா" என்று கூப்பிட்டுக்கொண்டு வளர்ந்தவள்தான். ஆனால் ஏர் பிடிப்பான் என்று எதிர்பார்த்த மருமகன் கழுத்தில் இஞ்சி டேப்பைப் போட்டுக்கொண்டு வந்து நின்றது மாமனுக்கு ஆகவில்லை. "ஊரு பொம்பளைங்க ரவிக்கைக்கு அளவெடுக்குறவனுக்கு எம் பொண்ணக் குடுத்துட்டு, நான் எப்படி நாலு பேரு எதிர்க்க கழனிக்குப் போறது?" என்று கத்தினார். தேசப்பனின் அப்பா ஒன்று சொல்ல, மாமன் இரண்டு சொல்ல, இனி நல்லது கெட்டதுக்குக்கூட ஒருத்தர் வீட்டு வாசலை ஒருத்தர் மிதிப்பதில்லை என்று அறுத்துக்கொண்டார்கள். ஐரோப்பாவில் சண்டை ஆரம்பித்த வருஷம் மணியம்மையைப் பள்ளிப்பட்டில் தங்கவேல் என்கிற விவசாயிக்குக் கட்டிக்கொடுத்தார்கள். கல்யாண மேளம் இவன் காதில் விழவில்லை. பத்து நாள் கழித்து யாரோ பேச்சோடு பேச்சாகச் சொல்லித்தான் தெரியும்.

மாமன் சொன்னது வடிகட்டின பொய் என்பதையும் இங்கே சொல்லிவிட வேண்டும். தேசப்பன் அதுவரை ஒரு பெண்ணுக்கும் அளவெடுத்ததில்லை. அந்தக் காலத்தில் எந்தத் தையல்காரன் பெண்கள் மேல் டேப்பை வைத்துவிட்டு ஊரில் நடமாட முடியும்? பெண்கள் கடைக்கே வர மாட்டார்கள். நன்றாகப் பொருந்துகிற பழைய ரவிக்கை ஒன்றை, அளவு ரவிக்கை என்று, புதுத் துணியோடு சுருட்டிக் கொடுத்தனுப்புவார்கள். அதை விரித்துப் போட்டுத் தோள் எவ்வளவு, கை எவ்வளவு என்று பார்த்துக்கொள்ள வேண்டியதுதான். திருத்தணியில் பாதிப் பெண்களின் உடம்பு அவனுக்கு அளவாகத் தெரியும். முகமாகத் தெரியாது.

1940 ஆடியில், கிருத்திகைக்குப் பத்து நாள் முன்னால், வளையல்காரி குப்பம்மாள் வந்து கூடையை இறக்கினாள். ஊர் ஊராகப் போய் வளையல் விற்கிறவள். கூடையின் அடியிலிருந்து ஒரு மூட்டையை எடுத்து நீட்டினாள்.

"பள்ளிப்பட்டுல தங்கவேலு பொண்சாதி குடுத்துச்சுப்பா. அங்க எவனும் ஒழுங்கா தெக்க மாட்டேங்கிறானாம். கை தூக்குனா தோளு இழுக்குதாம். திருத்தணியில செட்டியாரு கடை வாசல்ல ஒருத்தர் இருக்காரு, அவருகிட்டதான் குடுக்கணும்னு சொல்லிச்சு."

"அவருன்னா சொல்லிச்சு?"

"ஆங். பின்ன இன்னான்னு சொல்லும்?"

தேசப்பன் மூட்டையை வாங்கிக்கொண்டான். உடனே அதை மடிக்குள் இழுத்துக்கொண்டதைக் குப்பம்மாள் பார்த்தாளோ என்னவோ, அவளுக்கு விற்க வேண்டிய வளையல் நிறைய இருந்தது. உள்ளே ஒரு பச்சைத் துண்டுத் துணி; ஒரு அளவு ரவிக்கை. அது அவன் தைத்ததுதான். கல்யாணத்துக்கு முன்னால், இரண்டு வீடும் பேசிக்கொண்டிருந்த காலத்தில், அவளுக்கு அவன் தைத்துக் கொடுத்த ஒரே ரவிக்கை. அதை அவள் புகுந்த வீடுவரை எடுத்துப் போயிருந்தாள் என்பதிலேயே அவனுக்கு அந்த ஆடி மாதம் முழுக்க ஓடிவிட்டது.

அன்றிலிருந்து வருஷா வருஷம் வந்தது. போன வருஷம் தைத்த ரவிக்கை இந்த வருஷத்துக்கு அளவாக வரும். அதில் அவள் எங்கே பிரித்திருக்கிறாள், எங்கே பிடித்திருக்கிறாள் என்று பார்த்தால் போதும், அவனுக்கு ஒரு வருஷத்து சமாச்சாரம் தெரிந்துவிடும். ஒரு வருஷம் கைப்பக்கம் அரை விரல் பிரித்து விட்டிருந்தது. சரி, அந்த வீட்டில் சோற்றுக்குக் குறைவில்லை என்று நினைத்துக்கொண்டான். அடுத்த வருஷம் முன்பக்கம் முழுக்கப் பிரித்துத் தைத்து, துவைத்தும் போகாத பால்கறை இருந்தது. அவளுக்குக் குழந்தை பிறந்திருக்கிறது. ஆணா பெண்ணா என்று ரவிக்கை சொல்லுமா? குப்பம்மாளைக் கேட்டால் சொல்லியிருப்பாள். அவன் கேட்கவில்லை. துணியை மட்டும் மடியில் வைத்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தான். அழுகையா சந்தோஷமா என்று அவனுக்கே பிடிபடவில்லை.

எல்லாருக்கும் உள்ளே அரை விரல் துணி விட்டுத் தைப்பவன், அவளுக்கு மட்டும் இரண்டு விரல் விடுவான். வெளியே தெரியாது. உடம்பு பெருத்தாலும் பிரித்துவிட்டுக்கொண்டு நாலு வருஷம் போடலாம். வேறு ஒன்றையும் அவளுக்குக் கொடுக்க அவனுக்கு உரிமையில்லை. ஒரு முழம் பூவை அனுப்பினால்கூட ஊர் சிரித்துவிடும். தையலுக்குள் மடித்த இரண்டு விரல் துணியை எவன் கேட்பான்? அதற்காகப் புதுத்துணி பற்றாமல் போனபோதெல்லாம் செட்டியார் கடையின் வெட்டுத் துண்டில் நிறம் பார்த்து ஒட்டுப் போட்டான். ஒட்டு தெரியாமல் தைப்பதில் மெட்ராஸ்காரனே அவனிடம் தோற்க வேண்டும்.

அம்மா பெண் பார்த்தாள். அம்மையார்குப்பத்தில் ஒன்று, வேலஞ்சேரியில் ஒன்று. "ஆடி போகட்டும்மா" என்பான். ஆடி போனால், "தை வரட்டும்மா" என்பான். அவன் எதற்குக் காத்திருக்கிறான் என்று அவனையே கேட்டிருந்தாலும் பதில் தெரிந்திருக்காது. ஒரு ரவிக்கைக்கும் அடுத்த ரவிக்கைக்கும் நடுவே இருப்பது அவனுக்கு ஒரு வருஷம், அவ்வளவுதான்.

1943-ல் துணிக்குப் பஞ்சம் வந்தது. மில் துணியெல்லாம் சண்டைக்குப் போய்விட்டது என்றார்கள். செட்டியார் கடையில் அலமாரி காலி. நைந்த சட்டைக் காலரைப் பிரித்துத் திருப்பித் தைப்பதும், புடவையைக் கிழித்துப் பாவாடை ஆக்குவதுமாகத் தேசப்பனுக்கு வேலை மாறிப்போனது. ஊசிக்கும் திண்டாட்டம். முனை மழுங்கினால் கல்லில் தேய்த்து ஓட்டினான். அந்த ஆடியில் புதுத்துணி இல்லாவிட்டாலும் பழசையாவது கொடுத்தனுப்புவாள் என்று எண்ணி, சிவப்பில் ஒரு வெட்டுத் துண்டைச் செட்டியார் கண்ணில் படாமல் எடுத்து வைத்திருந்தான்.

கிருத்திகை நெருங்கியது. காவடிகள் தெருவை அடைத்துக்கொண்டு போயின. குப்பம்மாள் வரவில்லை. அவள் முட்டி வீங்கிப் படுத்துவிட்டாள் என்று சொல்லிக்கொண்டு கூடையோடு வந்தவள் அவளுடைய மருமகள் ஜெயம்மா. புதுசாகக் கட்டிக்கொண்டு வந்த பெண்; அந்தப் பக்கத்து ஊர்களுக்கு அதுதான் அவளுக்கு முதல் நடை.

"பள்ளிப்பட்டுல தங்கவேல் வூட்டுல ஏதாவது குடுத்தாங்களா?"

"இல்லீங்க. மாமி சொல்லித்தான் அனுப்புச்சு. போயி வாசல்ல நின்னு குரல் குடுத்தேன். அந்த அம்மா வெளியவே வரல. கதவாண்ட இருந்து கைய மட்டும் நீட்டி வேணாம்னுட்டுது. வளையல் வேணாம், ரவிக்கையும் இல்லன்னுச்சு."

"வளையல் வேணாம்னுச்சா?"

"ஆங். கையில ஒரு கண்ணாடி வளையல்கூட இல்லீங்க. மொழுக்குனு ஒரு வெள்ளிக் காப்பு மட்டும் கெடந்துச்சு."

ஜெயம்மா போய்விட்டாள். தேசப்பனின் கால் மிதியை விட்டு இறங்கியது. கண்ணாடி வளையல் இல்லை. ரவிக்கை வேண்டாம். வாசலுக்கு வந்து முகம் காட்டவில்லை. இவர்கள் பக்கத்துக் குடும்பங்களில் புருஷன் போனால் வளையலை உடைப்பார்கள், அதோடு ரவிக்கையும் போய்விடும். வெறும் புடவையைச் சுற்றிக்கொண்டு உள்ளேயே கிடக்க வேண்டும். இதற்கு மேல் ஒருத்தர் வந்து விளக்கிச் சொல்ல வேண்டுமா? சாவுச் செய்தி இவன் வீட்டுக்கு வராததிலும் ஆச்சரியம் இல்லை. நல்லது கெட்டது இல்லை என்று அறுத்துக்கொண்ட வீடுகள் அல்லவா?

மணியம்மைக்கு இருபத்திரண்டு வயசுகூட ஆகியிருக்காது. அதை நினைத்து அவன் அழுதான். அது உண்மையான அழுகை. ஆனால் அந்த அழுகைக்கு அடியில் வேறொன்று தலையைத் தூக்கியது. மெட்ராஸில் இப்போதெல்லாம் தாலி இழந்த பெண்களுக்கு மறுபடி கல்யாணம் செய்து வைக்கிறார்கள், பேப்பரில் போட்டோவோடு போடுகிறார்கள். செட்டியார் கடைக்கு வரும் பேப்பரில் அவனே பார்த்திருக்கிறான். மாமன் என்ன சொல்வார்? இனிமேல் அவர் சொல்ல என்ன இருக்கிறது? இப்படி நினைத்த மறு நிமிஷம் தன் கன்னத்தில் தானே அறைந்துகொண்டான். அறைந்தால் மட்டும் போய்விடுமா அது? மிஷினை மிதிக்கும்போது வந்தது, சாப்பிடும்போது வந்தது. மலையேறிக் கண்ணை மூடிச் சந்நிதியில் நின்றபோதும் வந்தது.

யாரையாவது கேட்டுத் தெரிந்துகொண்டிருக்கலாமே என்று உங்களுக்குத் தோன்றும். எப்படிக் கேட்பது? ஒருவேளை உயிரோடு இருக்கிற மனுஷனைப் பற்றி, செத்துப்போய்விட்டாரா என்று வாய் திறந்து கேட்க முடியுமா? குப்பம்மாள் வீட்டுக்குப் போய் முட்டிவலியை விசாரிக்கிற சாக்கில் பேச்சுக் கொடுத்திருக்கலாம். அதையும் செய்யவில்லை. கேட்டால் இல்லை என்று சொல்லிவிடுவார்களோ என்கிற பயம்தான் காரணம். இதை அவன் பிற்காலத்தில்கூடத் தனக்குத்தானே முழுசாக ஒப்புக்கொண்டதில்லை, நாம் ஒப்புக்கொள்ளலாம்.

ஆவணி பிறந்ததும் ஒரு நாள் காலையில் கிளம்பிவிட்டான். துக்கம் விசாரிக்கப் போகிறவன் எப்படிப் போவானோ அப்படிப் போனான்: பூ இல்லை, பழம் இல்லை, கையை வீசிக்கொண்டு. பெட்ரோல் பஞ்சத்தில் கரிவாயு அடுப்பைப் பின்னால் கட்டிக்கொண்டு ஓடிய பஸ் அது. மேடு வந்தால் மூச்சு வாங்கும், ஆட்கள் இறங்கித் தள்ள வேண்டும். தள்ளினான். அம்மையார்குப்பத்தில் நூல் கிடைக்காமல் தறிகள் ஓய்ந்து கிடந்தன. வழி நெடுக, போனதும் அவளிடம் என்ன சொல்வது என்று ஒத்திகை பார்த்துக்கொண்டான். "அழாத மணி, நான் கீறேன்." இதைச் சொல்லலாமா? முதல் நாளேவா? அடுத்த மாதம் ஒருமுறை வந்து சொல்லலாம். அதுவரை பொறுக்கலாம். இத்தனை வருஷம் பொறுத்தாயிற்று.

பள்ளிப்பட்டில் வீட்டைக் காட்டச் சொல்லிக் கேட்டுக்கொண்டு போனான். ஓட்டு வீடு, முன்னால் மாட்டுக்கொட்டகை. வாசலை நெருங்கும்போதே ஒரு சத்தம் கேட்டது. அந்தச் சத்தத்தை அவன் தூக்கத்தில் கேட்டாலும் சொல்வான்: தையல் மிஷின். கால் மிஷின் இல்லை, கையால் சுற்றுகிற மிஷின். இரண்டு சுற்று ஓடுவதும் நிற்பதுமாக இருந்தது.

திறந்த கதவுக்கு அந்தப்பக்கம் சுவரோரமாக ஒரு கை மட்டும் தெரிந்தது. மிஷின் சக்கரத்தின் பிடியைப் பிடித்த வலது கை. கண்ணாடி வளையல் இல்லை. வெள்ளிக் காப்பு ஒன்று மணிக்கட்டில் ஏறி இறங்கியது. சொல்லவே கூச்சமாக இருக்கிறது, அந்தக் கையைப் பார்த்ததும் அவன் நெஞ்சு ஒரு துள்ளுத் துள்ளியது.

"யாரு?" என்று அவள் எட்டிப் பார்த்தாள்.

நெற்றியில் குங்குமம். மூக்கில் மூக்குத்தி. கழுத்தில் மஞ்சள் கயிறு. மேலே நீல ரவிக்கை. இடது தோள் ஏறி, வலது தோள் இறங்கி, அக்குளில் சுருக்கம் விழுந்த, கண்கொண்டு பார்க்க முடியாத ரவிக்கை. அவளே தைத்தது என்று பார்த்த மாத்திரத்தில் தெரிந்தது.

"பாவா! நீயா? வா வா, உள்ள வா!"

பின்னாலிருந்து ஒரு குரல், "வாங்க, வாங்க" என்றது. தலையில் புல்லுக்கட்டோடு வியர்க்க விறுவிறுக்க ஒரு ஆள். கல்லுப்போல இருந்தார். தங்கவேல். "திருத்தணி தம்பிதானே? நாலு வருஷமா உங்க கைவேலையத்தான் பாத்துகினு கீறேன், ஆளைப் பாக்கல. உக்காருங்க தம்பி."

தேசப்பன் "இந்தப் பக்கம் ஒரு வேலையா…" என்று ஏதோ முனகிக்கொண்டு உட்கார்ந்தான். இரண்டு வயசுப் பெண் குழந்தை ஒன்று ஓடிவந்து அவன் முன்னால் நின்றது. "வரலட்சுமி, சித்தப்பா வந்துகிறாரு பாரு" என்றாள் மணியம்மை. குழந்தை அவன் வலது கையைப் பார்த்தது, இடது கையைப் பார்த்தது, முதுகுப்பக்கம் போய்ப் பார்த்துவிட்டு, "ஒண்ணும் கொண்ணாரல" என்று நைனாவிடம் போய் முறையிட்டது. தங்கவேல் சிரித்தார். மணியம்மை சிரிக்கவில்லை. அவன் வெறுங்கையை ஒரு நிமிஷம் பார்த்தாள்.

பிறகு சட்டென்று மிஷின் பேச்சுக்கு வந்துவிட்டாள். போன வருஷம், ஜப்பான்காரன் குண்டு போடுவான் என்று மெட்ராஸே காலியானபோது, சிவப்பிரகாசம் என்று ஒரு குமாஸ்தா குடும்பத்தோடு வந்து இந்த வீட்டில்தான் நாலு மாசம் தங்கினாராம். திரும்பிப் போகும்போது, இடம் கொடுத்ததற்காக அந்த அம்மா தன் கைமிஷினை வற்புறுத்தி வைத்துவிட்டுப் போயிற்றாம்.

"யாரும் கத்துக் குடுக்கல பாவா. நீ தெச்ச ரவிக்கைங்கள ஒண்ணொண்ணா பிரிச்சுப் போட்டேன். எதும்மேல எது வருது, எத்த மொதல்ல தெக்கணும்னு பாத்துகினே வந்தேன். ஆமா, உள்ள அவ்ளோ துணி வுட்டுகிறியே, இன்னாத்துக்கு? அத்தனையும் வெட்டி இவளுக்கு ஒரு சட்டை தெச்சுட்டேன்."

"ஒடம்பு பெருத்தா பிரிச்சு வுட்டுக்கலாம்னுதான்" என்றான் தேசப்பன்.

"சக்கரம் சுத்துறப்ப வளையல் பட்டுப் பட்டு ஒடையுது. அதான் எல்லாத்தையும் கழட்டிட்டு அவரு வாங்கிக் குடுத்த காப்பைப் போட்டுகினேன். அத்தை ஒரு பாட்டம் கத்திச்சு. கத்தட்டும்." அவள் மிஷினைத் தடவினாள். "நீ மெட்ராஸ்லருந்து மிஷின் எடுத்தாந்தியே, அன்னிக்கி ஒரு தடவ சுத்திப் பாக்குறேன்னு எவ்ளோ கெஞ்சினேன். பொம்பள தொட்டா நூல் அறுக்கும்னு கையத் தட்டி வுட்ட. நெனப்பு கீதா?"

அவனுக்கு நினைப்பு இல்லை. அவள் வாய்க்கால் தாண்டியது, தலைவலி என்று படுத்தது, கல்யாணப் பேச்சில் வெட்கப்பட்டு ஓடியது என்று எல்லாம் நினைப்பிருந்தது. இது மட்டும் இல்லை. அவள் ஆசைப்பட்டு அவனிடம் கேட்டது ஒரே ஒரு பொருள். அதற்கு அவன் அவள் கையைத் தட்டிவிட்டிருக்கிறான். தட்டியதை மறந்தும் இருக்கிறான்.

"இப்ப பாரு, பத்து நாளா மக்கர் பண்ணுது" என்றாள். "ஊசி ஒடஞ்சுது. சித்தூருக்குப் போன ஆளுகிட்ட சொல்லி வேற வாங்கிப் போட்டேன். அதுலருந்து தையலே விழ மாட்டேங்குது. ஒண்ணு விழுந்தா நாலு தாண்டுது."

தங்கவேல் புல்லை உதறிக்கொண்டே சொன்னார்: "பாத்து சொல்லுங்க தம்பி. தேறலைன்னா தேறலைன்னு சொல்லிடுங்க, தூக்கிப் பரண்ல போட்டுடலாம். பழையபடி வருஷா வருஷம் உங்களாண்டயே குடுத்தனுப்பறோம். எங்களுக்கு இன்னா?"

தேசப்பன் மிஷின் முன்னால் உட்கார்ந்தான். குனிந்த உடனே கோளாறு தெரிந்துவிட்டது. ஊசியின் மேல்முனையில் ஒரு பக்கம் தட்டையாக இருக்கும். அது எந்தப் பக்கம் பார்க்க வேண்டுமோ அதற்கு நேர் எதிர்ப்பக்கம் பார்த்துக்கொண்டிருந்தது. ஊசியைத் திருப்பிப் போட்டிருக்கிறாள். திருகாணியைத் தளர்த்தி மாற்றி வைத்தால் முடிந்தது.

அவன் உடனே சொல்லவில்லை. தகட்டைத் திறந்து பார்த்தான். பஞ்சை ஊதினான். பார்க்க வேண்டாத இடத்தையெல்லாம் பார்த்தான். தேறாது என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். இங்கே அவனைக் கேள்வி கேட்க ஒரு ஆள் கிடையாது. மிஷின் பரணுக்குப் போகும். அடுத்த ஆடியில் குப்பம்மாள் கூடையின் அடியில் மூட்டை வரும், அதற்கடுத்த ஆடியிலும் வரும், அவன் மூச்சு இருக்கிறவரை வரும். அவன் அவளிடம் அதற்கு மேல் எதையும் கேட்கப் போவதில்லை. வருஷத்துக்கு ஒரு ரவிக்கை. இதுகூடவா ஒரு மனுஷனுக்குக் கிடைக்கக் கூடாது?

நிமிர்ந்து பார்த்தான். அவள் அவன் முகத்தைப் பார்க்கவில்லை. டாக்டர் கையில் குழந்தையைக் கொடுத்தவள் மாதிரி மிஷினையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஊசியைத் திருப்பிப் போட்டுக்கீற" என்றான். "அவ்ளோதான். தட்டை இந்தப் பக்கம் இருக்கணும். இங்க பாத்துக்க."

மாற்றிப் போட்டு, நூல் கோத்து, எழுந்து இடம் விட்டான். அவள் உட்கார்ந்து ஒரு கந்தைத் துணியை வைத்துச் சுற்றினாள். தையல் கோடு போட்டாற்போல் விழுந்துகொண்டே போனது. "ஐயோ, ஓடுது! ஏங்க, ஓடுது பாருங்க!" என்று புருஷனைப் பார்த்துச் சிரித்தாள். அந்தச் சிரிப்புக்காக அவன் எத்தனையோ ஆடி காத்திருந்தான். இப்போது வந்தது, வேறு பக்கம் திரும்பிக்கொண்டு.

"இனிமே உனக்குத் தொந்தரவே இல்ல பாவா" என்றாள்.

நல்ல மனசோடுதான் சொன்னாள். அவனுக்கு அந்த வீட்டுக்குள் அதற்குமேல் நிற்க முடியவில்லை. சாப்பிட்டுத்தான் போக வேண்டும் என்று அவள் இலை எடுக்க உள்ளே போனாள். தங்கவேல் மாட்டுக்குப் புல் போடத் திரும்பினார். தேசப்பன் துண்டை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு வாசலில் இறங்கி நடந்தான். யாரிடமும் ஒரு வார்த்தை சொல்லவில்லை.

தெருமுனைவரைகூடப் போகவில்லை. பின்னால் வேகமாக நடந்து வருகிற சத்தம் கேட்டது.

"பாவா, நில்லு."

நின்றான். மணியம்மைக்கு மூச்சு வாங்கியது. கையில் இலை அப்படியே இருந்தது.

"கொழந்தை கீற வூட்டுக்கு வெறுங்கையோட வந்த. அவரு வாங்க வாங்கன்னதுக்கு ஒழுங்கா ஒரு பதில் சொல்லல. இப்ப சொல்லிக்காம கெளம்பிட்ட." குரலைத் தாழ்த்திக்கொண்டாள். "நீ இன்னா நெனச்சுகினு வந்தேன்னு எனக்குப் புரியாம இல்ல. எழவு வூட்டுக்குத்தான் அப்படி வந்து அப்படிப் போவாங்க."

அவன் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றான். அவள் கோபப்பட்டிருந்தால் தாங்கியிருப்பான். அவள் கண்ணில் கோபம் இல்லை, பயம் இருந்தது. சாவு வீட்டில் மட்டும்தான் போய் வருகிறேன் என்று சொல்லாமல் கிளம்புவார்கள். அப்படி ஒருத்தன் அவளுடைய வீட்டை விட்டு இறங்கிப் போகிறான்.

"சொல்லிட்டுப் போ பாவா. எங்கிட்ட வேணாம். அவருகிட்ட சொல்லிட்டுப் போ."

தேசப்பன் திரும்பி நடந்தான். கொட்டகை முன்னால் தங்கவேல் மாட்டின் கழுத்தைச் சொறிந்துகொண்டு நின்றார். ஒன்றும் அறியாத, நன்றாக இருக்கிற மனுஷன். அவர் எதிரில் போய் நின்று இரண்டு கையையும் குவித்தான். ஒரு மாதமாக இந்த மனுஷனைச் சாகடித்து வைத்திருந்த மனசு அது. அதை வைத்துக்கொண்டுதான் அந்த வார்த்தையைச் சொன்னான்.

"போயிட்டு வரேன், அண்ணே."

"ஆங், வாங்க தம்பி. அடுத்த தடவ இருந்து சாப்புட்டுத்தான் போவணும்" என்றார் தங்கவேல்.